அரக்குச் சேலையில் விழுந்த தூள்

நேற்று சாயங்காலம் நான் உள்ளே வந்தபோது நீங்கள் இருவரும் பேச்சை நிறுத்திக்கொண்டீர்கள். பெரியவள் கையிலிருந்த போனைக் கவிழ்த்து வைத்தாள். சின்னவள் அடுப்பங்கரைக்குப் போகிறவள் போல எழுந்து, போகாமல் நின்றாள். உங்கள் அம்மா மூலையில் உட்கார்ந்து இடது கையால் ராட்டை சுற்றிக்கொண்டிருந்தாள். அந்தச் சத்தம் மட்டும்தான் வீட்டில் நிற்காமல் இருந்தது.

“இன்னா பேசிக்கினு இருந்தீங்க?” என்று கேட்டேன்.

“ஒண்ணுமில்ல நைனா” என்றாள் பெரியவள்.

சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினேன். இந்த ‘ஒண்ணுமில்ல’யை நான் இதற்கு முன்பும் கேட்டிருக்கிறேன். போன முறை இந்த வார்த்தை நம் வீட்டில் சுற்றிக்கொண்டிருந்தபோது, நம் தலைக்கு மேலே ஒன்று விழுவதற்குக் காத்துக்கொண்டிருந்தது.

அதனால் இதை எழுதுகிறேன். பத்தாவது வரைக்கும் படித்தவன் நான். பிழை இருந்தால் திருத்திக்கொள்ளுங்கள். நான்கு வருடத்துக்கு முன்னால் தறி உத்திரம் விழுந்து அம்மாவின் தோள் உடைந்தது உங்களுக்குத் தெரியும். “மரம் உளுத்துப்போச்சு, விழுந்துடுச்சு” என்றுதான் சொந்தக்காரர்களிடம் சொன்னோம். அது பாதிதான். மீதியை நான்தான் சொல்லவேண்டும்.

அப்போதெல்லாம் நான் எப்படிப்பட்ட ஆள் என்று சின்னவளுக்கு அவ்வளவாக ஞாபகம் இருக்காது. செருப்பு வாசலில் கோணலாகக் கிடந்தால் எனக்குத் தொண்டையில் சோறு இறங்காது. தண்ணீர்ச் சொம்பு தறிக்கு நாலடி தள்ளி இருந்தாலும், அது கவிழ்ந்து தறியில் நீளமாகப் பூட்டிய பாவு நூல் நனைந்துபோவதாக மனத்துக்குள் ஒரு தரம் நடந்து முடிந்துவிடும். தலைமுடி ஒன்று பட்டு மேல் கிடந்தால் யாருடையது என்று விசாரணை. கேஸ் திருகை மூடினேனா, சார்ஜர் பிடுங்கினேனா, பால் பாக்கெட்டில் தேதி பார்த்தேனா. எல்லாம் சின்னச் சின்ன விஷயம். ஆனால் ஒவ்வொன்றையும் மூன்று நாள் சுமப்பேன். சுமப்பதோடு விடமாட்டேன், வீட்டில் எல்லோர் முதுகிலும் ஏற்றுவேன்.

ஒரு தரம் தாமலில் உங்கள் மாமா வீட்டுக் காதுகுத்துக்குப் புறப்பட்டோம். பஸ்ஸில் எல்லோரும் ஏறி உட்கார்ந்தாயிற்று. எனக்கு வீட்டைப் பூட்டினேனா என்று சந்தேகம். சாவி என் பாக்கெட்டில்தான் இருக்கிறது. இருந்தாலும் மனசு கேட்கவில்லை. இறங்கிவிட்டேன். ஆட்டோ பிடித்து வீட்டுக்கு வந்தால் பூட்டு பூட்டினபடி தொங்குகிறது. இழுத்துப் பார்த்தேன். இன்னொரு தரம் இழுத்துப் பார்த்தேன். அடுத்த பஸ்ஸில் நான் போய்ச் சேர்ந்தபோது தோடு போட்டு முடித்துப் பந்தி நடந்துகொண்டிருந்தது.

உங்கள் அம்மா எனக்கு இலை போட்டுக்கொண்டே கேட்டாள்: “இன்னாங்க, பூட்டு நல்லா இருக்குதா? தனியா இருக்கமேன்னு அழுவுதா?”

பந்தியே சிரித்தது. நானும் சிரித்தேன். அவள் சிரிக்கவில்லை. அதை அப்போது நான் கவனிக்கவில்லை. இலையில் உப்பு எந்தப் பக்கம் வைத்திருக்கிறார்கள் என்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

அதற்குப் பிறகு, எப்போதிலிருந்து என்று தெரியாமல், வீடு அமைதியாக ஆரம்பித்தது. யாரும் எதையும் என்னிடம் கொண்டுவரவில்லை. டம்ளர் உடைந்தால் துண்டுகள் எனக்குத் தெரியாமல் குப்பைக்குப் போயின. பள்ளிக்கூடத்தில் மார்க் குறைந்தால் அம்மா கையெழுத்தோடு தாள் திரும்பிப் போயிற்று. நான் உள்ளே நுழைந்தால் டிவி சத்தம் தணியும், பேச்சு தணியும். “இன்னா?” என்றால் “ஒண்ணுமில்ல.” நம்புவீர்களா, எனக்கு அது பிடித்திருந்தது. வீடு கடைசியில் ஒழுங்குக்கு வந்துவிட்டது, இனி நிம்மதியாக நெய்யலாம் என்று நினைத்தேன்.

அந்த வருடம் ஆடியில் ஓர் அரக்குச் சேலை தறியில் ஏறியிருந்தது, நெருக்கமான பூ வேலை, முடிக்க நாலைந்து மாதம் பிடிக்கும். உடம்பு அரக்கு, கரை இலைப்பச்சை. உடம்பும் கரையும் வேறு வேறு நிறமாக இருந்தால் ஒரே ஆள் நெய்ய முடியாது. நான் தறிக்குழியில் காலை விட்டு உட்கார்ந்து, குறுக்கு நூலை ஓட்டும் நடு நாடாவைத் தள்ளவேண்டும். வலப்பக்கம் உட்காருகிறவர் கரை நாடாவைத் தள்ளவேண்டும். இரண்டு நூலும் ஒவ்வொரு தள்ளலுக்கும் ஒன்றோடு ஒன்று கோத்துக்கொண்டு வரவேண்டும். என் வலப்பக்கம் உட்காருவது உங்கள் அம்மா. அவளுக்கு வலப்பக்கம் சுவர். எங்கள் இரண்டு பேர் தலைக்கும் மேலே, சுவருக்குச் சுவர் போட்ட உத்திரத்தில், ஜக்கார்டு பெட்டி. பூ விழுவதற்கான அட்டைகள் சுழலும் பெட்டி அது. தூக்க மூன்று ஆள் வேண்டும்.

ஒரு நாள் காலையில் தறியில் உட்கார்ந்தபோது சேலையின் வலது ஓரத்தில் ஒரு சிட்டிகை மஞ்சள் தூள் கிடந்தது. பொட்டுக்கடலை மாவு போல. அரக்கு மேல் கிடந்ததால் பளிச்சென்று தெரிந்தது.

“யார் இங்க இன்னா துன்னது?” என்று கத்தினேன்.

உங்கள் அம்மா ஒரு தரம் மேலே பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள். பிறகு துணி எடுத்து வந்து துடைத்தாள்.

மறுநாளும் தூள் இருந்தது. அதற்கு மறுநாளும். எனக்கு ஒரே கவலைதான்: பட்டில் கறை ஏறிவிடுமோ. மென்மையான பழைய வேட்டியாக ஒன்றைத் தேடி எடுத்து, அதற்கென்று தனியாக வைத்துக்கொண்டேன். ஊதித் துடைக்கவேண்டும், அழுத்தித் துடைத்தால் பட்டுக்குள் போய்விடும் என்று அம்மாவுக்கு வகுப்பு எடுத்தேன். வேலை முடிந்ததும் நெய்த பாகத்தின் மேல் போர்வை போட்டு மூடினேன். காலையில் போர்வையை உதறினால் கொஞ்சம் கொஞ்சமாக அதிகமாகிக்கொண்டு வந்தது. போர்வை மூடியிருப்பதால் சேலை தப்பித்தது என்று சந்தோஷப்பட்டேன். அந்தப் போர்வைக்கு ஓரம் கூடத் தைத்தேன்.

இன்னொரு சத்தமும் வர ஆரம்பித்தது. நான் மிதிக்கும்போதெல்லாம் ‘க்ரீச்’. மிதிப்பலகைக்கு எண்ணெய் விட்டேன். போகவில்லை. மறுபடியும் விட்டேன். குழி முழுக்க எண்ணெய் வாடை. சத்தம் காலுக்குக் கீழே இல்லை, தலைக்கு மேலே வருகிறது என்று என் காதுக்குத் தோன்றவே இல்லை. என் கண் எப்போதும் நெய்கிற விரல் அகல இடத்தில்தான் இருந்தது.

அமாவாசைக்குத் தறியை நிறுத்துவது நம் தெரு வழக்கம். அது ஏதோ சாமிக்காக மட்டும் என்று நீங்கள் நினைக்கலாம். அன்றைக்குத்தான் ஏணி போட்டு மரத்தைப் பார்ப்பார்கள். கயிறு இற்றிருக்கிறதா, ஆப்பு தளர்ந்திருக்கிறதா, சுவரில் செருகின முனை ஈரமாக இருக்கிறதா என்று தட்டிப் பார்ப்பார்கள். பார்த்துவிட்டுச் சாம்பிராணி போடுவார்கள். நானும் அப்படித்தான் செய்துகொண்டிருந்தேன், முன்பெல்லாம். அந்த ஆடி அமாவாசைக்கு நான் ஏணியை எடுக்கவில்லை. நெய்த பாகத்தில் பிசிறு தெரிந்தது. நெய்யத்தானே கூடாது, பிசிறு எடுக்கலாமே என்று, சின்ன இடுக்கியை வைத்துக்கொண்டு காலையிலிருந்து குனிந்தே இருந்தேன். ஆவணி அமாவாசைக்கும் அதே. புரட்டாசிக்கும் அதே. சாம்பிராணி மட்டும் அம்மா போட்டாள். புகை மேலே போய் உத்திரத்தைச் சுற்றியது. புகையைக்கூட நான் நிமிர்ந்து பார்க்கவில்லை. சாம்பல் சேலையில் விழுந்துவிடும், தள்ளிப் போ என்றேன்.

ஐப்பசி மழை ஆரம்பித்தது. வலப்பக்கச் சுவரில் ஈரம் இறங்கியது. தூள் இப்போது மாவாக இல்லை, கட்டி கட்டியாக விழுந்தது. நீங்கள் இருவரும் தறிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதுவதை விட்டுவிட்டு வாசற்படிக்குப் போனீர்கள். மழைச் சாரல் அடிக்கிற இடத்தில் ஏன் உட்காருகிறீர்கள், நோட்டு நனையும் என்று அதற்கும் திட்டினேன். நீங்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டீர்கள்.

அதே நாட்களில்தான் உங்கள் அம்மா உட்காருகிற பலகை நகர ஆரம்பித்தது. தினம் கொஞ்சம். கடைசியில் ஒரு முழம் பின்னால் போய்விட்டது. அங்கிருந்து கையை நீட்டி நீட்டி நாடாவைத் தள்ளினாள். எட்டித் தள்ளினால் நூலில் இழுப்பு மாறும். பச்சைக் கரை ஒரு மயிரிழை தளர்ந்து வந்தது. வாங்குகிறவர் கண்ணுக்குத் தெரியாது. கடைக்காரர் கண்ணுக்கும் தெரியாது. எனக்குத் தெரிந்தது.

“கிட்ட உக்காரு” என்றேன்.

“இங்கேருந்தே வருதுங்க.”

“கரை தளர்ந்து போவுது, கண்ணு தெரியலையா உனுக்கு?”

“தெரியுது. இந்தச் சேலை இறங்கட்டும்.”

இறங்கட்டும் என்று ஏன் சொல்கிறாள் என்று கேட்கத் தோன்றவில்லை. நான்கு நாள் இதே பேச்சு. ஐந்தாம் நாள் காலை, நீங்கள் பள்ளிக்கூடம் போன பிறகு, விடாமல் மழை. ஏகாம்பரநாதர் கோயில் மணி மழைக்குள் அமுங்கிக் கேட்டது. போர்வையை எடுத்தேன். மேலே உள்ளங்கை நிறையத் தூள். வாசலில் கொண்டுபோய் உதறிவிட்டு வந்து உட்கார்ந்தேன். பத்து தள்ளல் ஆனது. கரையைப் பார்த்தேன். தளர்ந்திருந்தது.

நான் நாடாவைக் கீழே வைத்துவிட்டேன். “நீ கிட்ட வந்து உக்காரலைன்னா நான் நெய்யமாட்டேன். எழுந்து போறேன். அப்புறம் இந்தச் சேலையை நீயே கட்டிக்கினு அழு.”

அவள் என்னை ஒரு நிமிஷம் பார்த்தாள். அந்தப் பார்வையை நான் எழுத முடியாது. பிறகு பலகையை முன்னால் இழுத்தாள். ஒரு முழமும் இழுத்தாள். சுவரை ஒட்டி, தறியை ஒட்டி, நேராக உட்கார்ந்தாள்.

“இப்ப சரியா?” என்றாள்.

“இப்ப சரி” என்றேன்.

மூன்று தள்ளல். கரை கச்சிதமாக வந்தது. நான்காவதற்கு நான் மிதித்தேன். நான் மிதித்தால்தான் மேலே பெட்டி நூலைத் தூக்கும். அதன் பாரம் முழுக்க உத்திரத்தில் ஏறுவது என் மிதியில்தான்.

சத்தம் பெரிதாக இல்லை. ஈரமான ஒன்றைப் பிட்ட மாதிரி இருந்தது. சுவரில் செருகியிருந்த முனை விட்டுக்கொடுத்தது. உத்திரம் சாய்ந்தது, பெட்டி சாய்ந்தது, அட்டைகள் கொத்தாக என் முகத்தில் வந்து விழுந்தன. அட்டைகளை விலக்கிப் பார்த்தபோது அரக்குப் பட்டு அறுந்து சுருண்டிருந்தது. அதற்கு அந்தப் பக்கம் உங்கள் அம்மா உத்திரத்துக்கும் சுவருக்கும் நடுவில் இருந்தாள். தலை தப்பித்திருந்தது. வலது தோள் தப்பவில்லை.

அவள் கத்தவில்லை. “பசங்க ஸ்கூல்லதானே இருக்குது?” என்று கேட்டாள். இரண்டு தரம் கேட்டாள்.

எதிர்வீட்டுக்காரர்கள் நான்கு பேர் வந்து தூக்கினார்கள். ஆட்டோவில் போகும்போது, தூள் படிந்த அவள் தலைமுடியை நான் துடைத்துக்கொண்டே போனேன். என் கைக்கு வேறொன்றும் தெரியவில்லை.

ஆஸ்பத்திரியில் கட்டுப் போட்டுப் படுக்கவைத்தார்கள். தோள் எலும்பு சேரும், ஆனால் கை பழைய மாதிரி மேலே எழும்பாது என்றார் டாக்டர். மறுநாள் காலை அவள் பக்கத்தில் உட்கார்ந்து கேட்டேன்: “உனுக்குத் தெரியுமா?”

“தூளு விழுந்த முதல் நாளே தெரியும்.”

“சொல்லக் கூடாதா?”

அவள் கூரையைப் பார்த்துக்கொண்டே பேசினாள். “கூரை ஒழுவுதுன்னு ஒரு தரம் சொன்னேன். மூணு நாள் நீங்க துன்னலை, தூங்கலை, பசங்களையும் தூங்கவிடலை. கடைசியில ஒழுவுற இடத்துக்கு ஒரு ஓடு மாத்தலை. வாளி எந்த இடத்துல வைக்கணும்னு மட்டும் எங்களுக்குச் சொல்லிக் குடுத்தீங்க. அதுலேருந்து எதைச் சொல்றது, எதை விடறதுன்னு எனுக்குத் தெரியாம போச்சு. செருப்புக்கும் அதே கத்தல், உத்திரத்துக்கும் அதே கத்தல்னா, நான் எதைன்னு சொல்லுவேன்? சேலை இறங்கினதும் ஆசாரியை நானே கூப்பிடலாம்னு இருந்தேன். பசங்களை மட்டும் அந்தப் பக்கம் போவாதீங்கன்னு சொல்லி வெச்சேன்.”

பிறகு கொஞ்சம் சிரித்தாள். “கரை நல்லா வந்துச்சா, அந்த மூணு தள்ளல்?”

அவள் முடியில் மிச்சமிருந்த தூளைத் தட்டிவிட்டேன்.

வீட்டுக்கு வந்தபோது ஆசாரி விழுந்த உத்திரத்தின் பக்கத்தில் குந்திக்கொண்டிருந்தார். முனையில் விரலை வைத்து அழுத்தினார். விரல் முழுக்க உள்ளே போயிற்று. பணியாரத்தில் போவது போலப் போயிற்று.

“எத்தினி மாசமா தூளு கொட்டுது?”

“நாலு மாசம்.”

“நாலு மாசம் இன்னா பண்ணிக்கினு இருந்தே?”

“தொடச்சிக்கினு இருந்தேன்.”

அவர் என்னை நிமிர்ந்து பார்த்துவிட்டு, மறுபடியும் மரத்தைப் பார்த்தார். அன்று சாயங்காலம் பெரியவள் என்னிடம் வந்து, “நைனா, எனுக்கும் தெரியும். அம்மா சொல்லவேணாம்னாங்க” என்று சொல்லிவிட்டு அழுதாள். எட்டாவது படிக்கிற பிள்ளை. தகப்பனிடம் ஒரு மரத்தைப் பற்றிச் சொல்லப் பயந்திருக்கிறாள். அன்றைக்குத்தான் எனக்கு நிஜமாகவே பயம் வந்தது. மரம் விழுந்ததற்குக்கூட அவ்வளவு பயப்படவில்லை.

அதற்குப் பிறகு நான் ஞானியாகிவிட்டேன் என்று எழுதினால் நீங்களே சிரிப்பீர்கள். இன்றைக்கும் செருப்பு கோணலாகக் கிடந்தால் என் கண் அங்கே போகிறது. ஆனால் வாயைத் திறப்பதற்கு முன் ஒரு கேள்வி கேட்டுக்கொள்கிறேன்: இது யார் தலையில் விழும்? செருப்பு யார் தலையிலும் விழாது. கறிவேப்பிலை வாங்க மறந்தது யார் தலையிலும் விழாது. போன தீபாவளிக்குச் சின்னவள் புதுப் பாவாடையில் காபி கொட்டிவிட்டு என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாளே, அப்போது நான் உள்ளே இந்தக் கேள்வியைத்தான் கேட்டுக்கொண்டிருந்தேன். பதில் வர நேரமானது. அதனால்தான் பேசாமல் நின்றேன். கோபத்தை அடக்கினேன் என்று நினைத்துவிடாதீர்கள். ஒவ்வொன்றாகக் கீழே வைத்துப் பழகுகிறேன். வைக்க வைக்கக் கழுத்து நிமிருகிறது. நிமிர்ந்தால்தான் மேலே என்ன இருக்கிறது என்று தெரிகிறது.

புது உத்திரம் போட்டுத் தறி மறுபடி ஓடியபோது, அறுந்த பாவு நூலை இழை இழையாக ஒட்டி, பத்து நாளில் அதே அரக்குச் சேலையை முடித்தேன். கரைக்கு எதிர்வீட்டு அக்கா வந்து உட்கார்ந்தார். ஒட்டின இடம் ஒரு மெல்லிய கோடாகத் தெரிந்தது. இடுக்கியை எடுக்காமல் அப்படியே மடித்துக் கொடுத்தேன். அன்றைக்குச் சோறு இறங்கியது.

இப்போது நேற்றைய விஷயத்துக்கு வருகிறேன். நீங்கள் நிறுத்தின பேச்சு என்ன என்று எனக்குத் தெரியாது. சின்ன விஷயமாக இருக்கலாம். இருந்தால் நல்லது, உங்களிடமே இருக்கட்டும். ஆனால் நேற்று பெரியவள் போனைக் கவிழ்த்த விதமும், அம்மா ராட்டையிலிருந்து தலையைத் தூக்காததும் எனக்கு அந்தப் பலகையை ஞாபகப்படுத்துகின்றன. ஒரு முழம் பின்னால் நகர்ந்த பலகை. யாரோ எதிலிருந்தோ தள்ளி உட்காருகிறார்கள். இந்த முறை கிட்ட வா என்று நான் கத்தப்போவதில்லை. எதற்காகத் தள்ளி உட்கார்ந்தீர்கள் என்று மட்டும் தெரியவேண்டும். உங்கள் வாயால் தெரியவேண்டும். தூள் கொட்டி நான் தெரிந்துகொள்ளக் கூடாது.

நாளைக்கு அமாவாசை. தறி நிற்கும். காலையில் காபி குடித்ததும் ஏணி போட்டு மேலே ஏறப்போகிறேன். சுவர் முனையிலிருந்து சுவர் முனை வரைக்கும் தட்டிப் பார்க்க அரைமணி நேரம் ஆகும். ஏணியைப் பிடிக்க அம்மாவால் முடியாது. உங்களில் ஒருத்தி வந்து பிடித்துக்கொள்ளுங்கள். நான் மேலே பார்த்துக்கொண்டிருப்பேன், உங்கள் முகத்தைப் பார்க்கமாட்டேன். சொல்லத் தோன்றினால் அப்போது சொல்லுங்கள். தோன்றாவிட்டால் ஏணியை மட்டும் பிடித்துக்கொண்டிருங்கள். அதற்கு அடுத்த அமாவாசைக்கும் ஏறுவேன்.